காமிராவின் தோல்

இரண்டாம் உலக யுத்தம் முடிந்த மறு பங்குனியில், அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழி செல்லும் சாலையிலுள்ள எங்கள் ஊர் அம்மன் கோயிலில் இது நடந்தது. விஷக்காய்ச்சலிலிருந்து நான் பிழைத்தெழுந்ததற்காக என் மனைவி பூக்குழி இறங்குவதாக நேர்ந்திருந்தாள். கல்லூரியில் என்னுடன் பயின்ற நண்பன் அதைப் படமெடுக்க, சென்னையிலிருந்து இரவல் காமிராவுடன் வந்து சேர்ந்தான். படச்சுருள் கிடைக்காத காலம். அவனிடம் ஒன்றே ஒன்று இருந்தது. அதில் கதை இராது, சாமி இராது, முகம்கூட இராது. நெருப்பின்மேல் செல்லும் பாதங்கள் மட்டுமே இருக்கும் என்றான். அப்படியொரு படத்தை எவரும் எடுத்ததாக நாங்கள் கேள்விப்பட்டதில்லை. இருவருக்கும் தலைகால் புரியவில்லை.

"மூஞ்சிய விட்டுட்டுக் காலத்தான் எடுப்பாகளாமா? அப்ப மஞ்சளக் கூடக் கொஞ்சம் பூசிக்கிறேன்" என்று சிரித்தாள் என் மனைவி.

குழியருகே பூசாரி மறித்தார்.

"தம்பி, தோலோட எங்க வாரீக? செருப்பையே எல்லைக்கு வெளியில விட்டுட்டு வந்திருக்கோம்."

காமிராவைச் சுற்றிலும் கருந்தோல் ஒட்டியிருந்ததை நாங்கள் எண்ணிப் பார்க்கவேயில்லை.

"உள்ள வெறும் இரும்பும் கண்ணாடியுந்தான் அய்யா" என்றான் நண்பன்.

"அப்ப இரும்பையும் கண்ணாடியையும் மட்டும் கொண்டாங்க."

மேளம் உச்சத்துக்கு ஏறிவிட்டது. கரகம் குழியை நெருங்கிவிட்டது. நண்பன் பேனாக்கத்தியை எடுத்தான். இரவல் பொருளாயிற்றே என்று நான் சொல்லி முடிப்பதற்குள் ஒரு பக்கத்துத் தோல் கீழே கிடந்தது. மறுபக்கத்தை நானே நகத்தால் பிய்த்தெறிந்தேன். பசை அப்பிய வெற்று உலோகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்த பூசாரி, மஞ்சள் நீர் தெளிக்கக் கையை உயர்த்தினார்.

"அய்யா, நனைஞ்சா அது செத்துப்போயிரும்."

"அப்ப நீங்க நனைங்க" என்று நீரை அவன் தலையில் ஊற்றி வழிவிட்டார்.

அவன் குழியோரம் குப்புறப் படுத்தான். ஒருமுறை சாவி கொடுத்தால் அரை நிமிடமே ஓடும் காமிரா அது. பாதங்கள் வரத் தொடங்கின. அவள் முறை வரும்போது நின்றுவிடுமோ, சுருள் தீர்ந்துவிடுமோ என்று காமிராவையும் வரிசையையும் மாறி மாறிப் பார்த்தேன். அவள் இறங்கியபோது அது ஓடிக்கொண்டிருந்தது.

சில மாதங்களுக்குப் பின், அருப்புக்கோட்டையில் மின்சாரம் இருந்த ஒரு வீட்டில், சுவரில் வேட்டியைக் கட்டி அதைப் பார்த்தோம். ஒலியற்ற திரையில் கால்களுக்குப் பின் கால்கள்.

"இது யாரு காலு, இம்புட்டு அவசரமாப் போகுது?" என்றாள் என் மனைவி.

அவளுடையதுதான். நடக்கையில் இடது சுண்டுவிரல் தரையில் படாமல் தூக்கி நிற்கும். அது அவளுக்கே தெரியாது.

சென்ற மாதம் அவளுடைய கால் கட்டைவிரல்களைச் சேர்த்துக் கட்டினார்கள். கடைசியாக முகத்தைப் பார்த்துக்கொள்ளச் சொன்னார்கள், பார்த்தேன். ஆனால் அவள் நடந்து வருவதாக நினைக்கும்போதெல்லாம் என் கண்ணுக்கு முதலில் தெரிவது, நெருப்பைத் தொடாமலே அதைக் கடந்துபோன அந்த ஒற்றை விரல்தான்.