புள்ளிக்கோட்டில் ஒரு வயல்

காணி அளக்கிறவனிடம் பெரும்பாலானோர் அளவுதான் கேட்பார்கள். சிலர் காணியின் சாதியையே மாற்றித் தரச் சொல்வார்கள். கொழும்பு வெள்ளவத்தையில் நாற்பது வருஷமாக நில அளவையாளர் என்று பலகை தொங்கவிட்டிருக்கிறேன். இதே தொழிலில் மாரடிக்கிறவர்களுக்கு இது புதிதில்லை. வாசித்துவிட்டுப் பல்லைக் கடியுங்கள்.

வெறுங்காணி

பரமலிங்கத்துக்குக் கிருலப்பனையில் ஹார்ட்வெயார் கடை. சிலாபத்துக்கு அப்பால், உப்புநீர்க் களப்போரமாக மூன்று ஏக்கர் வயல் வாங்கியிருந்தார். அதில் இறால் வளர்க்கக் குளம் வெட்ட வேண்டுமாம். வயலென்றால் தோண்டவும் ஏலாது, நிரப்பவும் ஏலாது, வயல்களுக்குப் பொறுப்பான கமநல ஆணையாளர் எழுத்தில் அனுமதி தரவேண்டும் என்றேன். அது தெரிந்துதான் என்னிடம் வந்திருக்கிறார். பிளானில் "வெறுங்காணி" என்று போட்டால் போதுமாம்.

பார்க்காமல் எழுதமாட்டேன் என்றேன். அவர் சிரித்தார்.

"அவசரப்படாதேங்கோ ஐயா. வாற கிழமை வாங்கோ. அதுக்கிடையில நான் அதை வெறுங்காணியாக்கி வைக்கிறன்."

ஒரு குடை

சொன்னதைச் செய்திருந்தார். மண்வெட்டும் பெக்கோ இயந்திரம் விட்டு வரம்பெல்லாம் இடித்து, வாய்க்காலை மூடி, வயலைக் கிரிக்கெட் மைதானம்போல ஆக்கியிருந்தார். நான் வெயிலில் அளவைக் கருவியை நிறுத்தினேன். அவர் குடைக்குக் கீழே நின்றார்.

பக்கத்து இரண்டு ஏக்கர் குசுமாவதியுடையது. பரமலிங்கம் மூடிய வாய்க்கால் வழியாகத்தான் அவளுக்குத் தண்ணீர் வரும். அது இல்லையென்றால் வரும் போகம் இல்லை. பக்கத்தில் இறாலுக்கு உப்புத்தண்ணீர் கட்டினால் பிறகு எந்தப் போகமும் இல்லை. மண்வெட்டியோடு வந்து நின்றாள். "இங்க வயலே இருந்ததில்லை" என்று அவளுக்கு முன்னாலேயே பரமலிங்கம் அரைகுறைச் சிங்களத்தில் சொன்னார். அவள் அவரைப் பார்க்கவில்லை. என்னை ஐயா என்கிற மாதிரி மாத்தயா என்று கூப்பிட்டுக் கேட்டாள்:

"அப்ப மாத்தயா, போன போகம் நான் எதுக்குள்ளால தண்ணி கொண்டுபோனேன்? இந்தாளின் குடைக்குள்ளாலயா?"

பெக்கோ விட்ட பிழை

பெக்கோக்காரன் ஒழுங்கானவன். எல்லையோடு நிறுத்திவிட்டான். இரண்டு பக்கமும் மற்றவர்களின் வரம்புகள் வால் வெட்டுப்பட்ட பல்லிபோலக் கிடந்தன. வாய்க்காலுக்கும் அந்தப் பக்கம் ஒரு வாய், இந்தப் பக்கம் ஒரு வாய். இடையில் கம்பியால் குத்திப் பார்த்தேன். மூடிய புது மண்ணில் கம்பி இறங்கியது, பழைய மண்ணில் இறங்கவில்லை. வாய்க்கால் ஓடிய வழி தெரிந்துவிட்டது.

வரம்பு ஐந்தையும் வாய்க்காலையும், இருந்து அழிந்ததைக் காட்டும் புள்ளிக்கோட்டில் போட்டேன். "நெல்வயல். வரம்புகள் அண்மையில் அகற்றப்பட்டுள்ளன" என்று எழுதிக் கையெழுத்து வைத்தேன். நல்ல பிளான். அப்படியொன்று கீற எல்லாருக்கும் வராது. பரமலிங்கம் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, என் மேசையிலேயே போட்டுவிட்டு எழும்பினார்.

"இதைக் கொண்டுபோனா இறால் என்ன, கூனியும் வளர்க்க விடமாட்டாங்கள்!"

உதவாத பிளான்

குசுமாவதி கமநல நிலையத்தில் முறைப்பாடு கொடுத்தாள். அதிகாரி வந்து பார்த்தார். அனுமதியில்லாமல் வயலைக் கெடுத்தது குற்றம். விதைப்புக்கு முன் எல்லாம் பழைய இடத்தில் இருக்கவேண்டும், இல்லாவிட்டால் வழக்கு என்று சொல்லிவிட்டார். பழைய இடம் எது? வாய்க்கால் காணியின் ஓரத்தில் ஓடியது என்றார் பரமலிங்கம். நடுவில் என்றாள் குசுமாவதி. அளந்த பிளான் இருந்தால் கொண்டுவாருங்கள் என்றார் அதிகாரி.

அளந்த பிளான் உலகத்தில் ஒன்றுதான் இருந்தது. மழையில் நனைந்தபடி வெள்ளவத்தைக்கு வந்து வாசலில் நின்றார் பரமலிங்கம். உள்ளே வரச் சொல்லவில்லை. அவராகவே கேட்கட்டும் என்று இருந்தேன்.

"ஐயா... அண்டைக்கு நான் விட்டிட்டுப் போன கடதாசி, எறிஞ்சிட்டீங்களோ?"

தண்ணீர்

எறியவில்லை. திரும்பப் போய் முளை அடித்துக் கொடுத்தேன். இடித்த அதே பெக்கோ, என் புள்ளிக்கோட்டின் மேலேயே மண்ணை அள்ளி வரம்பு கட்டியது. வாய்க்கால் நடுவில்தான் வந்தது. மூன்றாம் நாள் மடை திறந்தபோது தண்ணீர் எங்கும் தயங்காமல் நேரே குசுமாவதியின் வயலுக்குள் போனது. என் பிளான்களில் எத்தனையோ கோர்ட்டு ஏறியிருக்கின்றன. தண்ணீர் ஒத்துக்கொண்டது இதைத்தான். குசுமாவதி வாய்க்காலுக்குள் இறங்கி, முழங்கால் தண்ணீரில் நின்று மேலும் கீழும் பார்த்தாள்.

"கோடு சரி மாத்தயா. ஆனா போட்டதுதான் போட்டீங்க, ஒரு முழம் என் பக்கம் வளைச்சுப் போட்டிருக்கலாமே?"

நாற்பது வருஷ அளவையில் எனக்குக் கிடைத்த பெரிய பட்டம், முதல் நாள் தன் தலைக்கு மட்டும் குடை பிடித்த பரமலிங்கம் கடைசி நாள் என் கருவிக்கு அதைப் பிடித்துக்கொண்டு வெயிலில் நின்றதுதான்.