புதுத் திகதி போட்ட நூலகக் கோப்பு

1. பழசு என்ற குற்றம்

உடப்புக்குத் தெற்கே, களப்போரம் இருந்த இறால் பண்ணையில் அலாரம் சேர்வரைப் பார்த்துக்கொள்வது என் வேலை. குளங்களில் தொங்கும் சென்சர்கள் நீரிலுள்ள ஒட்சிசனை அளக்கும். அது குறைந்தால் சேர்வர் சைரனை அலறவிடும். ஆனால் சேர்வருக்கு நேரடியாகச் சென்சரோடு கதைக்கத் தெரியாது. இடையில் நின்று கதைப்பவை டி.எல்.எல். என்று முடியும் நூலகக் கோப்புகள். அறியாதவர்களுக்கு அவை குப்பை. அறிந்தவர்களுக்கும் அப்படித்தான், ஒன்று பிழைக்கும்வரை.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை, கணினிப் பரிசோதனைக்காகக் கொழும்புத் தலைமை அலுவலகத்திலிருந்து வந்த முகாமையாளர் அந்தக் கோப்புகளைத் திகதி வரிசையில் அடுக்கிப் பார்த்தார். ஒன்று மட்டும் பல ஆண்டு பழையது.

“என்ன மிஸ்டர் இது? பாண் வாங்கக்குள்ளயும் திகதி பாக்கிறம்தானே. இத மாத்துங்க.”

அதே பெயரில் புதிய கோப்பு அவருடைய மடிக்கணினியில் இருந்தது. மறுத்திருக்க வேண்டியவன் நான். ஆனால் மின்குமிழ் மாற்றினாலும் திகதி எழுதிவைக்கும் ஆள் நான். அந்தப் பழைய திகதி என் கண்ணையும் நெடுநாளாக உறுத்தியது. பழையதைப் பென்டிரைவில் போட்டுவிட்டு, சேர்வரை நிறுத்தி, புதியதை வைத்து ஓட்டினேன். மணி 10.40. திரை முழுதும் பச்சை. முகாமையாளர் பிளேன்டீ கேட்டார்.

2. பச்சைத் திரை

மூன்றாம் குளம் முருகேசுவின் பொறுப்பு. முந்தைய போகம் நோயில் அழிந்திருந்தது. இதுவும் போனால் வேலை இல்லை என்று நிர்வாகம் அவரிடம் சொல்லியிருந்தது. அறுவடைக்கு ஒரு வாரம் இருந்தது. வானமோ மூன்று நாளாக மூடிக் கிடந்தது. அப்படியான நாட்களில்தான் ஒட்சிசன் விழும்.

1.15க்கு அவர் சேற்றுக் காலோடு அலுவலகத்துக்குள் வந்தார். இறால் எல்லாம் கரையோரம் ஒதுங்கி மேலே வருகிறது, நீரைக் கலக்கி ஒட்சிசன் ஏற்றும் சக்கரங்களைப் போட்டுவிட்டுத்தான் வருகிறேன் என்றார். சைரன் அடிக்காமல் சக்கரம் போடக்கூடாது என்பது டீசல் மிச்சம் பிடிக்க முகாமையாளரே போட்ட சட்டம்.

“ஸ்கிரீன்ல பச்சதானே இருக்கு? ஆரக் கேட்டுப் போட்டீங்க?”

“இறாலத்தான் கேட்டன் சேர். அதுக்கு ஸ்கிரீன் பாக்கத் தெரியாது.”

அப்போதுதான் எண்களைக் கவனித்தேன். 10.40க்கு இருந்தவை, தசமம்கூட மாறாமல் நின்றன. புதிய நூலகத்துக்கு எங்கள் பழைய சென்சர்களின் பாஷை விளங்கவில்லை. விளங்கவில்லை என்று சொல்ல அதற்கு மனமும் வரவில்லை. கடைசியாகப் பதிந்த எண்ணையே திரும்பத் திரும்பக் கொடுத்துத் தலையாட்டிக்கொண்டிருந்தது. தலைமை அலுவலகத்தில் பழகிய கோப்பு.

பழையதைத் திரும்ப வைத்தேன். 1.35க்குச் சைரன் அலறியது. முகாமையாளர் கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

“பாத்தீங்களா, சிஸ்டம் வேல செய்யுது.”

3. அறிக்கை

குளம் பிழைத்தது. செத்தவை இரண்டு கூடைக்குள் அடங்கின. அன்று பின்னேரம் முகாமையாளர் அறிக்கை சொல்ல, நான் தட்டச்சுச் செய்ய வேண்டும். இறால் செத்ததற்குக் காரணம் அனுமதியில்லாமல் இயந்திரத்தைத் தொட்ட முருகேசு, அவரை நிறுத்தலாம். இதுதான் அவர் சொன்னதன் சாரம்.

நான் நேரங்களை மட்டும் அடித்தேன். 10.40, முகாமையாளர் சொல்ல நான் கோப்பை மாற்றினேன். 1.10, முருகேசு சக்கரம் போட்டார். 1.35, சைரன்.

“அந்தப் பத்து நாப்பத எடுத்துவிடுங்க மிஸ்டர்.”

“சேர்வர் தானாப் பதியிற லொக்லயும் கிடக்கு சேர். ரெண்டையும் நான் எடுக்க மாட்டன்.”

அறிக்கை அப்படியே போனது. முருகேசு வேலையில் நீடித்தார். எனக்குக் கண்டிப்புக் கடிதம் வந்தது, அது நியாயம்தான்.

புதிதாக இந்த வேலைக்கு வருபவர்களுக்கு ஒன்று சொல்வேன். நூலகக் கோப்பை மாற்றினால் பச்சையைப் பார்த்துத் திருப்தியடையாதீர்கள். குளத்தடிக்குப் போய் ஒரு சென்சரைத் தண்ணீரிலிருந்து தூக்குங்கள். திரையில் எண் மாறுகிறதா என்று பாருங்கள். அலுவலகத்திலிருந்து மூன்றாம் குளம் முந்நூறு அடி. அன்று நான் நடக்காமல் விட்டது அவ்வளவுதான்.