லெம்பேட்டின் லண்டன் சட்டி

மூடியைத் தூக்கிப் பார்க்கிறார் சுவக்கீன் லெம்பேட். ஆவி அடித்து மூக்குக்கண்ணாடி வெளுத்துப்போகிறது. போட்டிருந்த சேட்டின் நுனியால் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்க்கிறார். ஆறு மணிக்குப் போட்ட ஒரு கிலோ மாட்டிறைச்சி எட்டு மணிக்கும் போட்டபடியேதான் கிடக்கிறது. ஒரு தடவை மூடியைத் திறந்தால் அரை மணி நேரச் சூடு போய்விடும் என்று அந்த ஸ்லோ குக்கரோடு வந்த புத்தகத்தில் எழுதியிருக்கிறது. அந்தப் பக்கத்தைப் பெரிதாகப் பிரதி எடுத்து, பிளாஸ்ரிக் உறை போட்டு, மெசினுக்கு மேலே சுவரில் ஒட்டி வைத்தவரும் அவர்தான். அது மற்றவர்களுக்கான அறிவித்தலாம்.

"அவசரப்படக் கூடாது ரீச்சர். இது பொறுமையான ஆக்களுக்கு உள்ள சாமான்" என்று, ஊர்ப் பிள்ளைகளுக்குப் படிப்பித்த என்னிடம் சொல்கிறார். சொல்லிவிட்டு இன்னொரு தரம் திறக்கிறார்.

கீரிக் கடற்கரைக்குப் போகும் வழியில், என் வீட்டுக்கும் அவர் வீட்டுக்கும் இடையில் ஒரு தகர வேலிதான். முப்பத்திரண்டு வருடம் அரசாங்கக் கந்தோரில் எழுதுநராக இருந்து தலைமை எழுதுநராக ஓய்வு பெற்றவர். அந்த முப்பத்திரண்டு வருடமும் குசினிக்குள் அவர் கால் வைத்ததை நான் கண்டதில்லை. தண்ணீர் வேண்டுமென்றாலும் கதிரையில் இருந்தபடி கூப்பிடுவார். இப்போது அறுபத்தெட்டு வயதில் சமையல்காரராகிவிட்டார். லண்டனில் இருக்கும் மகள் டிலோஜினி போனதுக்கு முந்திய நத்தார்ப் பண்டிகைக்கு அனுப்பிய பெட்டிக்குள் இந்தச் சட்டி வந்ததிலிருந்துதான் இந்தக் கூத்து.

சட்டி குசினியில் இல்லை. "குசினிப் புகை மெசினுக்குக் கூடாது" என்று விறாந்தையை அடுத்த பெரிய அறையில், அவருடைய எழுத்து மேசையில், பின்னல் துணி விரித்து, இயேசுவின் திருவிருதயப் படத்துக்கு நேர் கீழே வைத்திருக்கிறார். யாராவது கலியாண அழைப்பிதழோடு வந்தால்கூட முதலில் மெசினைத்தான் பார்க்க வேண்டும். போன ஆவணியில் மடு மாதா திருவிழாவுக்குப் போனபோது அதையும் வான் வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார். கூடாரத்தில் பிளக் குத்த இடம் கிடைக்கவில்லை. மூன்று நாள் சிவப்புப் புழுதி குடித்துவிட்டுத் திரும்பி வந்தது மெசின்.

"ஞாயிற்றுக்கிழமையில நான்தான் சமையல்" என்று கோயில் வாசலில் நின்று ஊருக்கெல்லாம் சொல்வார். அந்தச் சமையலை நான் வேலிக்கு இந்தப் பக்கம் நின்று ஒன்றரை வருடமாகப் பார்த்து வருகிறேன். விடிய ஐந்து மணிக்கு எழும்புகிறவள் அவர் மனைவி செலீனா. இறைச்சியைக் கழுவி, சவ்வு நீக்கி, துண்டு போட்டு, வெங்காயம் உரித்து, மிளகு இடித்து, ஐந்து பாத்திரங்களில் வரிசையாக மேசைக்குக் கொண்டுவந்து வைக்கிறவளும் அவள்தான். லெம்பேட் குளித்து, பவுடர் போட்டு, கோயிலுக்குப் போகிற உடுப்போடு வந்து ஐந்து பாத்திரத்தையும் ஒவ்வொன்றாகக் கவிழ்ப்பார். புளிப்புக்கு இரண்டு கரண்டி வினாகிரி விடுவார். பிறகு திருகியைத் திருகுவார். திருகியதும் ஒரு பெருமூச்சு விடுவார் பாருங்கள், வலை இழுத்துக் கரையேறியவன்கூட அப்படிக் களைத்துப் பெருமூச்சு விடமாட்டான். பிரசங்க நேரத்தில் மூன்று தரம் மணிக்கூட்டைப் பார்ப்பார். பூசை முடிந்ததும் ஓடிவந்து மூடியைத் திறப்பார்.

இறைச்சி வாங்குவது அபூசாலியின் கடையில். அபூசாலி தொழில் தெரிந்த மனிதர். எந்த மாட்டின் எந்தத் துண்டு எத்தனை நேரத்தில் அவியும் என்று தொட்டுப் பார்த்தே சொல்வார். ஒரு சனிக்கிழமை நானும் கடையில் நின்றேன். எட்டு மணித்தியாலச் சமையல் பற்றி லெம்பேட் விளக்கிக்கொண்டிருந்தார்.

"ஐயா, இது இளங்கண்டு. குக்கர்ல மூண்டு விசிலடிச்சா முடிஞ்சுது. இதுக்கு ஏன் எட்டு மணித்தியாலம்?" என்று அபூசாலி கேட்டார்.

"அதுதான் உங்களுக்கு விளங்கிறேல்லை அபூசாலி. லண்டன்ல ஒருத்தரும் விசில் அடிக்கிறேல்லை."

லெம்பேட் லண்டனைக் கண்டதில்லை. கொழும்புக்கு அப்பால் போனதில்லை.

இரண்டு மணிக்குச் சாப்பாடு. நானும் ஏழெட்டு ஞாயிறு அந்த மேசையில் இருந்து சாப்பிட்டவள்தான். அதனால் சொல்கிறேன். இறைச்சி மெத்தென்று இருக்கும். அதை மறுக்க முடியாது. ஆனால் மிளகாய்த் தூளும் தேங்காய்ப்பாலும் லண்டன் முறையில் இல்லை என்று இரண்டையும் தள்ளிவைத்துவிட்டதால், வருத்தக்காரருக்கு ஆசுப்பத்திரியில் கொடுக்கிற சாப்பாடு போலத்தான் இருக்கும். மகன் டெறன்ஸ் ஆசுப்பத்திரியில் மருந்து கொடுக்கிறவன், பொறுமைசாலி. குனிந்த தலை நிமிராமல் சாப்பிடுவான். மிஞ்சியதைச் செலீனா மறுநாள் காலை சத்தம் போடாமல் மண்சட்டியில் போட்டு, வறுத்த தூளும் தேங்காய்க் கட்டிப்பாலும் விட்டு, வாசத்துக்கு றம்பை இலையும் கறிவேப்பிலையும் போட்டுப் பிரட்டி எடுப்பாள். திங்கட்கிழமை மத்தியானம் எல்லோரும் இரண்டாந்தரம் சோறு கேட்பார்கள்.

"பாத்தீங்களோ, அடுத்த நாள்தான் ருசி இறங்குது. மெசின் வேலை அப்பிடி" என்பார் லெம்பேட். செலீனா மண்சட்டியைக் கழுவி வைக்கப் போய்விடுவாள். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வரும்.

இதோடு நின்றிருந்தால் சிரித்துவிட்டுப் போகலாம். ஆனால் குடும்பத்துக்காகச் சமைக்கிறேன் என்று அவர் சொல்கிற அந்தக் குடும்பத்தில் மாட்டிறைச்சி தொடாத ஒருத்தி இருக்கிறாள். மருமகள் துசாந்தினி. கட்டுக்கரைக் குளத்துத் தண்ணீரில் வயல் செய்கிற சைவக் குடும்பத்துப் பிள்ளை. டெறன்ஸை விரும்பி, இரண்டு வருடத்துக்கு முன் கந்தோரில் கலியாண எழுத்து முடித்து வந்தவள். அவளுடைய தகப்பன் தம்பு அன்று கதைப்பதை விட்டவர்தான். செலீனா மருமகள் வந்த கிழமையே புதுச் சட்டி பானை வாங்கி, பின்பக்கத்தில் தனியாக ஓர் அடுப்பும் போட்டுக் கொடுத்துவிட்டாள். அதைப் பற்றி ஒருத்தரிடமும் கதைத்ததில்லை. லெம்பேட்டுக்கு அந்த அடுப்பு இன்றுவரை கண்ணில் படவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

"எங்கட வீட்டில சாதி சமயம் ஒண்டும் பாக்கிறேல்லை ரீச்சர்." இது அவருக்குப் பிடித்த வசனம். உண்மைதான், பார்ப்பதில்லை. பக்கத்தில் இருக்கிற மனிசரையும் பார்ப்பதில்லை. ஒவ்வொரு ஞாயிறும் துசாந்தினியின் பீங்கானுக்கு மேலே அகப்பையை நீட்டி, "இறைச்சி வேண்டாம் பிள்ளை, குழம்பை மட்டும் ஒருக்கா தொட்டுப் பாரும்" என்பார். அவள் ஒவ்வொரு ஞாயிறும், "வேண்டாம் மாமா" என்பாள். அடுத்த ஞாயிறு மறந்துவிடுவார். இதைப் பெருந்தன்மை என்று நினைத்துக்கொண்டிருக்கிறார் மனிசன்.

துசாந்தினிக்கு இப்போது ஏழாம் மாதம். முதல் பிள்ளை. தாயின் கைக்குள் இருந்து பெற வேண்டும் என்று அந்தப் பிள்ளை ஏங்கியது எனக்குத் தெரியும். வேலியோரம் உடுப்புக் காயப்போட வரும்போது என்னிடம் வேறு கதையே இல்லை. பங்குனியில் தாய் சிவலட்சுமி அவளுக்குப் போன் எடுத்துக் கதைத்தா. தம்பு கடைசியில் ஒரு சொல் சொல்லிவிட்டாராம். "நீ போய்ப் பார். அந்த வீட்டில உனக்குக் கை நனைக்க மனம் வந்தா, பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வா. வராட்டி விடு." முடிவைப் பெண்சாதியின் கையில் கொடுத்துவிட்டார். ஒரு பிடி சோறு அந்த வீட்டில் சாப்பிட்டால் போதும், மகள் அன்று பின்னேர பஸ்ஸில் தாயோடு போகலாம்.

செலீனா ஒரு கிழமையாக வீட்டைத் தலைகீழாக்கினாள். புதுப் பானை, புது அகப்பை, வாழையிலை. சமையல் எல்லாம் துசாந்தினியின் பின்பக்க அடுப்பில். மெசினைத் துணியால் மூடி அலுமாரிக்கு மேல் ஏற்றினாள்.

"இஞ்சருங்கோ, இந்த ஞாயிறு மாடு இல்லை. மெசினும் இல்லை. விளங்கிச்சுதோ?"

"ஓம் ஓம். இது எனக்குத் தெரியாதோ?" என்றார் லெம்பேட்.

சிவலட்சுமி பத்தரை மணி பஸ்ஸில் வந்தா. கையில் ஒரு பை புது அரிசி, கத்தரிக்காய், மகளுக்குக் களி கிண்ட உழுத்தம்மா. மெலிந்த, அதிகம் கதைக்காத மனிசி. மகளுடைய வயிற்றைப் பார்த்ததும் கண் கலங்கி, உடனே வேறு பக்கம் பார்த்துக்கொண்டா. துசாந்தினியின் உடுப்புப் பை கதவடியில் கட்டி முடித்துத் தயாராக இருந்தது. என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். சபையில் ஒரு பெரிய ஆளாக இருக்கட்டும் என்று செலீனாவுக்கு எண்ணம்.

பன்னிரண்டரைக்கு இலை போட்டார்கள். சோறு, பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி, முருங்கையிலை வறை, அப்பளம். நான் சிவலட்சுமிக்குப் பக்கத்தில் இருந்தேன். துசாந்தினி நின்று பரிமாறினாள். சிவலட்சுமி பருப்பைச் சோற்றில் விட்டுக் குழைத்தா.

அப்போதுதான் லெம்பேட்டைக் காணவில்லை என்று கவனித்தேன். மறுகணம் படுக்கையறைக் கதவு திறந்தது. இரண்டு கையிலும் துணி பிடித்து, மெசினின் உள்சட்டியைத் தூக்கிக்கொண்டு, கிறிஸ்மஸ் தாத்தா மாதிரி முகம் முழுக்கச் சிரிப்போடு வந்தார். விடியவே அலுமாரிக்கு மேலிருந்து இறக்கி, அறைக்குள் பூட்டி வைத்துச் சமைத்திருக்கிறார். செலீனா கறிக்கு வெட்டி வைத்த மரக்கறியில் பாதியைக் காணவில்லை என்று அவள் காலையில் தேடியது எனக்கு அப்போதுதான் விளங்கியது.

"சம்மந்தியம்மாவுக்கு எண்டு நானே செய்தது. தனி மரக்கறி!" என்று சொல்லி, ஒருத்தர் வாய் திறக்க முதல் சிவலட்சுமியின் இலையில், குழைத்த சோற்றுக்கு மேலேயே ஒரு அகப்பை ஊற்றிவிட்டார்.

சிவலட்சுமி முகம் சுளிக்கவில்லை. சம்மந்தியை மதிக்க வேண்டும் என்று நினைத்து மரியாதையாகக் கேட்டா. "நல்ல மணமாக் கிடக்குது. உது என்ன புதுவிதமான சட்டி?"

அந்த மெசினைப் பற்றி ஒருவர் தானாகக் கேட்டது அதுதான் முதல் தரம். மனிசன் பூரித்துப்போனார்.

"லண்டன் சட்டி! மகள் அனுப்பினது. இதில வேகாத சாமான் இல்லை. ஒவ்வொரு ஞாயிறும் இதிலதான் மாடு வைக்கிறனான். எட்டு மணித்தியாலம்! இண்டைக்கு உங்களுக்காக மரக்கறி. மாட்டுக்கும் மரக்கறிக்கும் ஒரே சட்டிதான், பாருங்கோ!"

டெறன்ஸ், "அப்பா!" என்றான். செலீனா தலையில் கை வைத்துக்கொண்டு கதிரையில் இருந்துவிட்டாள். சிவலட்சுமியின் கையில் இருந்த சோற்றுப் பிடி வாய்க்குப் பாதி வழி வந்திருந்தது. அதை அப்படியே இலையில் இறக்கி வைத்தா.

"கழுவித்தானே வைச்சனான்! மூண்டு தரம் தேசிக்காய்ப் புளி விட்டுக் கழுவினனான்!" என்றார் லெம்பேட். அது சமாதானம் என்று அவர் நினைப்பு.

செலீனா வேறு இலை போட எழும்பினாள். சிவலட்சுமி அவள் கையைப் பிடித்து இருத்தினா. "வேண்டாம் தங்கச்சி. உங்களில ஒரு பிழையும் இல்லை. நீங்கள் எவ்வளவு செய்திருக்கிறியள் எண்டு எனக்குத் தெரியுது. ஆனா இனி இறங்காது." எழும்பிக் கிணற்றடிக்குப் போய்க் கை கழுவினா. பின்னாலேயே துசாந்தினி போனாள். அவர்கள் மெல்லத்தான் கதைத்தார்கள், ஆனாலும் கேட்டது.

"அம்மா, சாப்பிட்டனான் எண்டு அப்பாவிட்டச் சொல்லுங்கோவன்."

"கொப்பர் என்ர முகத்தைப் பாத்தே கண்டுபிடிச்சிடுவார் பிள்ளை. பொய் சொல்லி உன்னைக் கூட்டிக்கொண்டு போனா, அவர் உன்ர முகத்திலயும் முழிக்கமாட்டார். நான் திரும்ப ஒருக்காக் கதைச்சுப் பாக்கிறன்."

துசாந்தினி கிணற்றுக் கட்டில் இருந்துவிட்டாள். சிவலட்சுமி ஒன்றரை மணி பஸ்ஸில் தனியே போய்விட்டா. டெறன்ஸ் பஸ் நிற்கிற இடம் வரைக்கும் கூடப் போனான்.

நான் வீட்டுக்குப் போகச் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தேன். மேசையில் ஒருத்தரும் சாப்பிடாத இலைகள். லெம்பேட் மட்டும் தன் இடத்தில் இருந்து சட்டியில் இருந்ததைப் பீங்கானில் போட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். கோபமும் இல்லை, வெட்கமும் இல்லை. ஏதோ ஒன்று பிசகிவிட்டது என்பது மட்டும் அவருக்குத் தெரிந்திருந்தது. அது உப்பாக இருக்குமோ என்று யோசிக்கிற முகம்.

துசாந்தினி கிணற்றடியிலிருந்து வந்து, கதவடியில் கிடந்த உடுப்புப் பையைத் தூக்க முடியாமல் அதன்மேலேயே கையை ஊன்றிக்கொண்டு நின்றாள். முகம் வீங்கியிருந்தது.

லெம்பேட் அவளை நிமிர்ந்து பார்த்தார். ஏதோ சொல்லப்போகிறார், இப்போதாவது சொல்லப்போகிறார் என்று நானும் ஒரு காலில் செருப்போடு நின்றேன். அவர் பீங்கானில் கிளறி ஒரு கரட் துண்டை எடுத்தார். இரண்டு விரலுக்கு நடுவில் வைத்து மெல்ல அமத்தினார். அது மாவாக நசுங்கி விரலில் ஒட்டியது. அந்த விரலை மருமகளின் முகத்துக்கு நேரே நீட்டினார்.

"இஞ்ச பாரும் பிள்ளை, எப்பிடி அவிஞ்சிருக்கெண்டு."