மாப்பிள்ளையின் இரத்தத்தைக் கேட்டவள்

இந்த நாட்டில் குப்பைக்கும் கோபம் வரும். போன கிழமை எங்கள் கட்டடத்து மண்ணிறப் பீப்பாயை லொறிக்காரர்கள் எடுக்காமல் விட்டுப் போய்விட்டார்கள். மூடியில் சிவப்பாக ஒரு ஸ்டிக்கர். மேல்மாடியில் இருக்கிற பெரியவர் என் கதவைத் தட்டி, ஒரு பையைத் தூக்கிக் காட்டினார். மீன் செதிலும் குடலும் நான் பொலித்தீனில் கட்டிப் போட்டது. "பியோ! பியோ!" என்றார். உக்குகிற குப்பைக்குள் பொலித்தீன் போடக்கூடாதாம். பழுதான மீனைப் போட்டதுக்குத்தான் ஏசுகிறார் என்று நினைத்து, "நல்ல மீன்தான், நேற்று வாங்கியது" என்று எனக்குத் தெரிந்த ஜேர்மனில் சொன்னேன். அவர் பையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "நன்றி, எனக்கு வேண்டாம்" என்று அதை என் கையில் தந்துவிட்டுப் படியேறிப் போனார். எங்கள் ஊர் நிந்தவூரில் என்றால் குடலைப் பூனைக்குப் போட்டுவிட்டு, மிச்சத்தை வளவுக்குள் தென்னையடியில் தாட்டுவிட்டு எங்கள் அலுவலைப் பார்ப்போம்.

சிரிக்க வேண்டாம், என்னுடைய பிழைப்பே குப்பைக்கு ஸ்டிக்கர் ஒட்டுவதுதான். நான் வேலை செய்யும் ஆய்வுகூடத்தில் காலையில் இருந்து பின்னேரம் வரை யுபிகுவிட்டின் என்ற சின்னப் புரதத்தைப் பற்றித்தான் கதை. உடம்பிலுள்ள ஒவ்வொரு கலத்துக்குள்ளும் பழுதுபட்ட சாமான்கள் சேர்ந்துகொண்டே இருக்கும். எது போக வேண்டும் என்பதற்கு ஓர் அடையாளம் வேண்டுமே, அந்த அடையாளங்களில் முக்கியமானது இந்த யுபிகுவிட்டின். இங்கே ஸ்டிக்கர் ஒட்டினால் எடுக்க மாட்டார்கள், கலத்துக்குள் ஒட்டினால்தான் எடுப்பார்கள். அது தானாகப் போய் ஒட்டாது. எங்கள் ஊரில் வீட்டுக்குக் கொங்கிரீட் போடும் நாளில் ஆட்கள் வரிசையாக நின்று கலவைத் தாச்சியைக் கைமாற்றுவார்களே, அப்படி மூன்று வகை நொதியங்கள் கைமாற்றிக் கொண்டுபோக வேண்டும். முதலாவது தூக்கிக் கொடுக்கும், இரண்டாவது சுமக்கும், எங்கே கொட்டுவது என்று பார்த்துக் கொட்டுவது மூன்றாவது. அந்த மூன்றாவது ஆட்கள் நூற்றுக்கணக்கில் இருக்கிறார்கள். அதில் ஒருவனுக்குப் பெயர் பார்க்கின். கலத்துக்குச் சக்தி கொடுக்கிற இழைமணிகளில் பழுதானதைத் தேடிப்பிடித்து அடையாளம் வைப்பது அவனுடைய வேலை. அவன் இல்லாவிட்டால் பழுதெல்லாம் உள்ளுக்குள்ளேயே கிடந்து, மூளையில் உடம்பின் அசைவை நடத்துகிற கலங்கள் கொஞ்சம் கொஞ்சமாகச் செத்துப்போகும். கை நடுங்கும், கால் இழுக்கும். வயசாளிகளுக்கு வருகிற பார்க்கின்சன் வருத்தம் இளந்தாரி வயதிலேயே வந்து நிற்கும்.

இதையெல்லாம் நான் பாடமாகத்தான் படித்தேன். பிறகுதான் அது வீட்டுக்குள் வந்தது. எனக்கு மூத்தவர் காக்கா, அதாவது அண்ணன், கல்முனையில் போன் திருத்துகிற கடை வைத்திருக்கிறார். வாப்பா மௌத்தான பிறகு உம்மா, நான், தங்கச்சி பர்ஹானா என்று மூன்று பெண்களுக்கும் தலைக்கு மேல் நின்றவர் அவர்தான். முப்பது வயதுக்குள் அவருடைய வலது கால் நடக்கும்போது உள்ளுக்குத் திரும்பத் தொடங்கியது. அடுத்தது கை. கடுகு போல இருக்கிற போன் ஆணியைப் பிடிக்க ஏலாமல் போனது. எண்ணெய் போட்டுப் பார்த்தார்கள், தண்ணீர் ஓதிக் குடிப்பாட்டினார்கள். கடைசியில் கொழும்பு டொக்டர் இரத்தம் எடுத்து எங்கேயோ அனுப்பினார். முடிவு வந்த அன்று காக்கா வட்ஸ்அப்பில் எடுத்தார். "புள்ள, டொக்டர் ஒரு பேர் சென்னாரு. பார்க்கினாம். வாப்பாட பக்கத்தால வந்ததும் பழுதாம், உம்மாட பக்கத்தால வந்ததும் பழுதாம். நீ கேள்விப்பட்ட பேரா?" எனக்கு முன்னால் ஐஸ் பெட்டிக்குள் அந்தப் பெயர் எழுதிய குப்பிகள் வரிசையாக நின்றன. "ஓம் காக்கா, கேள்விப்பட்டிரிக்கன்" என்றேன். ஐஸ் பெட்டியின் மூடியை இழுத்து மூடினேன்.

இந்த வகை வருத்தத்தில் ஒரு விசித்திரம் இருக்கிறது. நித்திரை கொண்டு எழும்பினால் கொஞ்ச நேரத்துக்கு நடுக்கமே தெரியாது, ஆள் முந்தி இருந்த மாதிரி நடப்பார். எங்கள் உம்மா அதை டொக்டருக்கு முதலே கண்டுபிடித்துவிட்டா. கண்டுபிடித்து என்ன செய்தா தெரியுமா? வீட்டுக்கு வாற ஆட்களை எல்லாம் காலைக்கு மாற்றினா. சொந்தக்காரர் யார் பின்னேரம் வரக் கேட்டாலும், "சுபஹோட வாங்க, அப்பம் சூட்டோட தின்னலாம்" என்பா. பால் அப்பமும் சம்பலும் கொடுத்து ஆட்களை உபசரித்தே மறைத்துவிட்டா. உம்மாவுடைய தம்பி, எங்கள் மாமாவின் குடும்பம் கூட இரண்டு வருசமாகக் காக்காவைக் காலையில்தான் கண்டது. கால் இழுப்பதற்கு மோட்டார்சைக்கிளில் விழுந்த கதை ஒன்று. அடேயப்பா, இந்த மூளையை ஆய்வுகூடத்துக்குக் கொண்டுவந்தால் எங்கள் பேராசிரியர் கதிரையை விட்டு எழும்ப வேண்டும்.

மறைக்க வேண்டிய அவசியம் பர்ஹானாவின் கலியாணம். மாமாவின் மகன் றிஸ்விக்கும் அவளுக்கும் சின்ன வயதிலேயே பேசி வைத்தது. பேசி வைத்தது ஒரு பக்கம் இருக்க, இரண்டு பேருக்கும் விருப்பம், அது ஊருக்கே தெரியும். எங்கள் பக்கத்தில் பெண்ணுக்குத்தான் வீடு. உம்மாவின் வளவுக்குள்ளேயே அவளுக்கு வீடு கட்டி முடிந்து, பூச்சும் அடித்தாயிற்று. ஆனால் எனக்கு இங்கே இருப்புக்கொள்ளவில்லை. உம்மாவிடம் அந்தப் பழுது ஒரு பக்கம் இருக்கிறது என்றால், அவவின் தம்பியிடமும் இருக்கலாம், தம்பியின் மகனிடமும் இருக்கலாம். பர்ஹானாவிடம் அனேகமாக இருக்கும். ஒரு பக்கம் மட்டும் பழுது என்றால் ஆளுக்கு ஒன்றும் செய்யாது. இரண்டு பேரும் ஆளுக்கொன்றாக வைத்திருந்தால்தான், பிறக்கிற பிள்ளைக்கு இரண்டும் சேர்ந்து போகலாம். மச்சானைக் கலியாணம் முடிப்பவர்களுக்கு எல்லாம் இது வருவதில்லை, ஊர் முழுக்க நல்ல சுகமாகத்தான் இருக்கிறது. எங்கள் வீட்டில் வந்துவிட்டதே, அதற்கு என்ன செய்ய?

"உம்மா, காவின் எழுதி நிக்காஹ் முடிக்க முந்தி றிஸ்விட ரத்தத்த ஒருக்காப் பார்ப்பம்" என்றேன். உம்மா போனுக்குள்ளேயே வெடித்தா. "மாப்பிள்ளைட ரத்தத்தக் கேக்கவா? நாம என்ன, சந்தையில மாடா வாங்கப் போற, பல்லப் புடிச்சிப் பாக்க? ஏன் எண்டு கேட்டா என்னத்தச் செல்ற? உண்ட காக்காட வருத்தத்த ஊருக்கு ஒலிபெருக்கியில செல்லவா?" மறைத்துக் கட்டிவைத்தால் நாளைக்குப் பிள்ளைகளுக்கு வருமே என்றேன். "நானும் உண்ட வாப்பாவும் மச்சான் மச்சிதான். உனக்கு என்ன கொற? ஜேர்மனி வரைக்கும் போயிட்டாய். உலை வாய மூடலாம், ஊர் வாய மூட ஏலுமா மகள்? அல்லாஹ் எழுதினது நடக்கும், நீ உண்ட குப்பியப் பாரு." பட்டென்று போனை வைத்துவிட்டா.

அடுத்த நாள் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு கோப்பி அறையில் இருந்தேன். பக்கத்து மேசையில் வேலை செய்யும் கத்ரின் என்ன நடந்தது என்று கேட்டாள். நல்ல பிள்ளை, சும்மா சொல்லக் கூடாது. தங்கச்சிக்கு மாமாவின் மகனோடு கலியாணம், அதனால் யோசனை என்றுதான் தொடங்கினேன். அவள் கோப்பையைக் கீழே வைத்துவிட்டாள். "உன் தங்கச்சி பாதுகாப்பாக இருக்கிறாளா? அங்கிருந்து தப்பி வர ஆசைப்படுகிறாளா?" என்று மெதுவாகக் கேட்டு, பெண்களுக்கு உதவுகிற ஒரு போன் நம்பரையும் தேடித் தரத் தொடங்கினாள். எனக்கு வந்ததே கோபம்! தப்பி எங்கே வருவது? எங்கள் ஊரில் பெண் வீட்டை விட்டுப் போகவே மாட்டாள், வந்து சேர்வது மாப்பிள்ளை. மாமாவின் மகன் என்றால் பிறந்ததில் இருந்து தெரிந்த பிள்ளை, குணம் குற்றம் விசாரிக்கத் தேவையில்லை. நீங்கள் போனில் படம் பார்த்து ஆள் பிடிக்கிறீர்களே, அதைவிட இது மோசமா? இப்படி ஒரு பிரசங்கமே வைத்துவிட்டேன். கத்ரின் மன்னிப்புக் கேட்டாள். அன்று பின்னேரமே உம்மாவுக்குப் போன் எடுத்து, இந்தக் கலியாணம் இப்படி நடக்கக்கூடாது என்று சண்டை பிடித்தேன். காலையில் கட்டிக்காத்ததைப் பின்னேரம் நானே போட்டு உடைக்கிறேன். எனக்கே என்னில் வெறுப்பு வந்தது.

உம்மாவோடு கதைத்துப் பயனில்லை என்று காக்காவுக்கு எடுத்தேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "பிள்ளைகளுக்கு வாறது எண்டா மறைக்க ஏலா. றிஸ்விக்கிட்ட நான் காட்றன்" என்றார். சொல்லுகிறேன் என்று சொல்லவில்லை, காட்டுகிறேன் என்றார். ஒருநாள் டொக்டர் நடுக்கத்துக்குத் தந்த குளிசையைப் போடாமல், பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு றிஸ்வியைக் கடைக்குக் கூப்பிட்டு முன்னால் இருத்தி, ஒரு போனைக் கழற்றத் தொடங்கியிருக்கிறார். ஆணி ஒன்றும் கையில் நிற்கவில்லையாம், எல்லாம் மேசையில் கொட்டியதாம். றிஸ்வி குனிந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கினானாம். அதற்குப் பிறகுதான் காக்கா வாயைத் திறந்து விசயத்தைச் சொன்னார்.

அன்று றிஸ்வி எனக்குப் போன் எடுத்தான். ஏசப் போகிறான் என்று நினைத்தேன். "மச்சி, நான் ரத்தம் குடுக்கிறன், அதுல பிரச்சினை இல்ல. ஒண்டு கேக்கன். நீங்க உங்கடதப் பார்த்தீங்களா?" என்றான். நாள்முழுக்க அந்த நொதியத்தோடு மாரடிக்கிற எனக்கு, அந்தக் கேள்வி பளீரென்று கன்னத்தில் விழுந்தது. நான் பார்க்கவில்லை. பயம். குழாயில் திரவம் எடுக்கும்போது கை கொஞ்சம் அசைந்தாலும் அன்று முழுக்கச் சாப்பாடு இறங்காது, அப்படிப் பயம். அந்தக் கிழமையே நானும் போய் இரத்தம் கொடுக்கக் கையை நீட்டினேன், ஊரில் பர்ஹானாவும் கொடுத்தாள்.

முடிவுகள் வந்தன. எனக்கும் பர்ஹானாவுக்கும் ஒரு பக்கம் பழுது, வருத்தம் வராது. றிஸ்வியிடம் ஒன்றுமே இல்லை. அல்ஹம்துலில்லாஹ், ஆய்வுகூடத்துப் படிக்கட்டில் இருந்து சத்தம் போட்டு அழுதேன். ஆனால் ஊருக்கு ஒரு கதை வேண்டுமே. மாமி, றிஸ்வியின் உம்மா, "ஏன் எண்ட மகன்ட ரத்தத்த எடுத்த?" என்று கேட்டுக்கொண்டு வந்திருக்கிறா. எங்கள் உம்மா நின்ற நிலையில், "எல்லாம் நம்மட ஜேர்மன்காரிட வேலை. அங்க நாய்க்கும் ரத்தம் பார்த்துத்தான் வளப்பாங்களாம். படிச்சிப் படிச்சி அவக்கு விசர்" என்று போட்டாவாம். கதை நிந்தவூர் முழுக்கப் போய், மாப்பிள்ளையின் இரத்தத்தை ஜேர்மனிக்கு எடுத்தவள் என்று என்னைச் சொல்கிறார்களாம். "இப்ப வராத மகள், ஆக்கள் ஆறட்டும்" என்றா உம்மா. மகனை மூட என்னைப் போர்வையாக விரித்துவிட்டா. நொந்தது. சொந்தத் தங்கச்சியின் கலியாணத்துக்கு வராதே என்றால் யாருக்குத்தான் நோகாது? ஆனாலும் போர்த்தினது காக்காவை என்பதால் வாய் திறக்கவில்லை.

நிக்காஹ் அன்று ஆய்வுகூடத்துத் தாழ்வாரத்தில் நின்று போனில் பார்த்தேன். உம்மா அதையும் காலைக்குத்தான் வைத்திருந்தா, ஆனால் பதிவுகாரர் வேறு கலியாணத்தில் அகப்பட்டு அஸர் ஆகிவிட்டது. வாப்பா இல்லாத வீட்டில் பெண்ணுக்கு 'வலி', அதாவது பொறுப்பாளர், மூத்த சகோதரன், அவர்தான் மாப்பிள்ளையின் கையைப் பிடித்து, தங்கச்சியை நிக்காஹ் செய்து தந்தேன் என்று சொல்ல வேண்டும். விரும்பினால் அந்தப் பொறுப்பை மௌலவியிடம் கொடுக்கலாம், அனேகமான ஆட்கள் அப்படித்தான் செய்வார்கள். உம்மாவும் அப்படியே சொல்லி வைத்திருந்தா போல. மௌலவி கையை நீட்டி, "எனக்கு வக்காலத்துத் தாங்க" என்றார். "இல்ல ஹஸ்ரத். எண்ட தங்கச்சி. நானே செய்றன்" என்றார் காக்கா. காக்கா மாப்பிள்ளையிடம் நீட்டிய கை காற்றில் ஆடியது. பந்தலின் பின்வரிசையில் இருவர் எழும்பிப் பார்த்தார்கள். றிஸ்வி அந்தக் கையைப் பிடித்தான். அவனுடைய கையும் சேர்ந்து ஆடியது. காக்கா ஒரு சொல்லும் தடக்காமல் முழுவதையும் சொன்னார். றிஸ்வி ஏற்றுக்கொண்டேன் என்றான், கையை விடவில்லை.

கத்ரின் கோப்பையோடு வந்து என் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தாள். திரையில் கையைக் கோர்த்துக்கொண்டு இரண்டு ஆண்கள், சுற்றிவர ஆண்கள். "கலியாணம் என்றாயே, உன் தங்கச்சி எங்கே?" என்று கேட்டாள்.

"பெண்களுக்கு வீட்டுக்குள்தான் இடம், அவளும் உள்ளே இருக்கிறாள்" என்றேன். "உம்மாவும் உள்ளே. எங்கள் வீட்டில் எல்லாரும் உள்ளே இருக்கிறார்கள், நான்தான் வெளியே."