எதிர்க்கட்சிக்குக் கண் திறந்த அண்ணை

லண்டன் கோலியர்ஸ் வுட்டில் நான் மழைக்கு ஒதுங்கிய கடையில் கொத்துரொட்டியும் சூஷியும் ஒரே கவுண்டரில் கிடைக்கின்றன. முதலாளி யாழ்ப்பாணத்து அண்ணை. சூஷி போடுபவர் யூகோ என்ற ஜப்பானியப் பெண். காலையிலிருந்து அண்ணையோடு அவர் பேசவில்லை.

சண்டை அலமாரியிலுள்ள சிவப்புத் தருமா பொம்மையால். ஜப்பானில் ஒன்றை வேண்டி ஒரு கண் வரைவார்கள். அது நடந்தால்தான் மறு கண். அங்கே தான் ஆதரிக்கும் எதிர்க்கட்சி ஆட்சிக்கு வர யூகோ வேண்டியிருக்கிறார். பொம்மை வருடக்கணக்காக ஒற்றைக் கண்ணோடு நிற்கிறது. நேற்று அண்ணை மார்க்கரால் மற்றதையும் வரைந்துவிட்டார்.

"சாமியை ஒரு கண்ணோட விட ஏலுமே தங்கச்சி? நாளைக்கு அங்க எலெக்சன் எண்டு ஆர் கண்டது? இவ வேலையை விட்டா சூஷிக்கு ஆளில்லை," என்று என்னிடம் முறையிடுகிறார் அண்ணை.

ஜப்பான் அரசியல் என்றால் எனக்கு வாய் சும்மா இருக்காது. யூகோவிடம் ஆங்கிலத்தில் வாதாடுகிறேன்: "நீங்கள் வேண்டிய கட்சிதான் உடைந்து, இன்னொன்றோடு சேர்ந்து, பெயரும் மாறிவிட்டதே? புதுக் கட்சிக்குப் புதுப் பொம்மைதானே முறை?"

யூகோ கத்தியை வைத்துவிட்டு யோசிக்கிறார்.

"நானே வாங்கித் தாறன்," என்று அண்ணை முந்திக்கொள்கிறார்.

யூகோ முதல் முறையாக அவர் பக்கம் திரும்புகிறார்.

"இரண்டாக வாங்குங்கள். தோற்றால் மறுபடி பிரிவார்கள்."