காளிமுத்துவுக்கு ஒரு சர்டிபிகேட்

போன வாரம் ஒரு மனிதனுடைய இருதயம் துடிப்பதைக் காதால் கேட்டேன்.

ஆசாமி கவிதை எழுத ஆரம்பித்துவிட்டான் என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். நிஜமாகவே கேட்டேன். பதுளைக் கடைவீதியில் ஜவுளிக்கடை வைத்திருக்கும் எனக்கு மல் துணியைத் தொட்டுப் பார்த்து ரகம் சொல்லத் தெரியும். சாயம் போகுமா, போகாதா என்று சொல்லத் தெரியும். மனிதனுக்கு உள்ளே என்ன நடக்கிறது என்று எனக்கு எப்படித் தெரியும்? தெரிந்துகொள்ள நேர்ந்தது... அதுவும் ஒரு சர்டிபிகேட் விஷயமாக.

காளிமுத்து என்று ஒரு பையன். டவுனுக்கு மேலே இருக்கும் தேயிலைத் தோட்டத்தில் லயத்துக் காம்பராவில், வரிசை வீட்டின் ஒற்றை அறையில், குடியிருக்கிறார்கள். அம்மா அங்கம்மாள் கொழுந்து பறிக்கிறாள். வருஷத்துக்கு ஒரு தரம், தீபாவளிக்கு என் கடையில்தான் சேலை எடுப்பாள். சேலையைப் பிரித்து, வெளிச்சத்தில் பிடித்து, மடித்து, மறுபடியும் பிரித்து... ஒரு சேலைக்கு ஒரு காலை வேளை போய்விடும். அப்படிப்பட்ட பழக்கம்.

பையன் டவுன் ஸ்கூலில் படிக்கிறான். தோட்டத்திலிருந்து அத்தனை தூரம் தினமும் வந்து போகிறவன் அவன் ஒருவன்தான். காலையில் மலை இறங்குகிறான், சாயங்காலம் மலை ஏறுகிறான். நடந்தா? நடந்தால் மணி அடிப்பதற்குள் வந்து சேர முடியாதே! ஓடித்தான். சிலேட்டும் புத்தகமும் முதுகில் கட்டியபடி ஓடித்தான்.

இதை ஹெட்மாஸ்டர் ஒரு நாள் ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டார். மனுஷர் விளையாட்டுப் பைத்தியம். மழை விட்டதும் நடக்கப்போகும் ஸ்கூல்களுக்கிடையிலான ஸ்போர்ட்ஸில் மைல் ஓட்டத்துக்குக் காளிமுத்துதான் என்று அன்றைக்கே முடிவு கட்டிவிட்டார். டீமில் சேர்ந்தால் போர்டிங்கில் இடம். சாப்பாடு, படுக்கை, படிப்பு எல்லாம் அங்கேயே.

டீமில் சேராவிட்டால்? அப்பன்காரன் ஏற்கெனவே சொல்லிவிட்டான்: இந்த மழையோடு ஸ்கூல் போதும், பையனைத் தோட்டத்தில் பேர் பதிந்துவிடலாம் என்று. விடிவதற்கு முன்னால் பெரட்டுக் களத்தில் வரிசையாக நின்று, கங்காணி பேர் கூப்பிட, மண்வெட்டியோடு மலைக்குப் போகிற வேலை. ஆக, பையனுக்கு இரண்டே வழிகள். ஒன்று மைதானம், இன்னொன்று பெரட்டு.

நடுவில் வந்து நின்றது ஒரு காகிதம்.

எங்கேயோ ஒரு ஸ்கூல் பையன் ஓடி முடித்த இடத்திலேயே மயக்கம் போட்டு விழுந்தானாம். அதனால் இந்த சீசனிலிருந்து புதுச் சட்டம். ஓடுகிற பையன்கள் எல்லோரும் டாக்டரிடம் நெஞ்சைக் காட்டி, 'இவன் ஓடத் தகுந்தவன்' என்று எழுதி வாங்கி வர வேண்டும். டவுனில் ஒரு கார்டியன் கூடப் போக வேண்டும். அங்கம்மாளுக்கு டவுனில் யாரைத் தெரியும்? என்னைத் தெரியும்.

"மொதலாளி, நீங்கதான் கூட வரணும்" என்றாள். சேலை எடுக்கும்போதுகூட அவள் அப்படிக் கெஞ்சியதில்லை.

சரி என்றேன். பெரிய காரியமா? ஓடுகிற பையன், கையெழுத்துப் போடும் டாக்டர், நடுவில் நான். காபி ஆறுவதற்குள் முடிந்துவிடும் என்று நினைத்தேன்.

வந்தார்கள் பாருங்கள்! அங்கம்மாள் அன்றைக்கு வேலைக்குப் போகவில்லை. பையனுக்கு உச்சி முதல் பாதம் வரை நல்லெண்ணெய் தேய்த்து, வெயிலில் நிற்க வைத்து, தலையைப் படிய வாரிக் கூட்டி வந்திருந்தாள். பித்தளைக் குத்துவிளக்கு மாதிரி மினுங்கிக்கொண்டு நின்றான். கழுத்தில் இருந்த தாயத்தைக்கூடக் கழற்றியிருந்தாள். "நோய்க்காரப் புள்ளனு நெனச்சிடுவாங்க" என்றாள்.

டாக்டர் யாழ்ப்பாணத்துக்காரர். நல்லவர், ஆனால் சிரிக்க மாட்டார். காகிதத்தை மேசையில் வைத்துக் கேள்வி கேட்க ஆரம்பித்தார். பையன் வாயைத் திறக்கவில்லை. எல்லாவற்றுக்கும் வாசல்படியில் நின்றிருந்த அங்கம்மாள்தான் பதில் சொன்னாள்.

"காய்ச்சல் வந்து கிடந்தவனோ?"

"இல்லீங்க."

"இருமல், சளி?"

"இல்லீங்க."

"தலைச்சுத்து, மயக்கம்?"

"இல்லவே இல்லீங்க."

"நல்லாச் சாப்பிடுவானோ? பசிக்குமோ?"

"இல்லீங்க."

டாக்டர் நிமிர்ந்து பார்த்தார். "இரவிலை நித்திரை கொள்ளுவானோ?"

"அதெல்லாம் இல்லீங்க ஐயா."

பசியும் கிடையாது, தூக்கமும் கிடையாது! ஈரேழு உலகத்தில் இப்படி ஒரு பையன் உண்டா? எனக்குச் சிரிப்பு வந்தது. அங்கம்மாள் முகத்தைப் பார்த்ததும் அடக்கிக்கொண்டேன். பரீட்சைக்கு வந்திருப்பவள் அவள்தான் என்று தோன்றியது.

டாக்டர் ஸ்டெதாஸ்கோப்பை எடுத்துப் பையன் நெஞ்சில் வைத்தார். எண்ணெயில் வழுக்கியது. ஒரு துண்டால் துடைத்துவிட்டு மறுபடியும் வைத்தார்.

"மூச்சை நல்லா உள்ளுக்கு இழுத்து விடு தம்பி."

பையன் தலையாட்டினான். நட்ட கம்பம் மாதிரி நின்றான். டாக்டர் இடது பக்கம் வைத்தார், வலது பக்கம் வைத்தார், முதுகில் வைத்தார். அவர் புருவம் மெல்ல மெல்ல நெருங்கியது.

"கேற் மட்டும் ஓடிப்போட்டு வா" என்றார்.

காளிமுத்து ஓடினான். அதை ஓட்டம் என்று சொல்வதா? நான் வாசல் பக்கம் திரும்புவதற்குள் கேட்டைத் தொட்டுவிட்டு வந்து நிற்கிறான்! மறுபடியும் அதே கம்பம். இளைப்பு இல்லை, மூச்சு வாங்கவில்லை, உதடு இறுக்கி மூடியிருக்கிறது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. நானே பெற்ற பிள்ளை மாதிரி டாக்டரைப் பார்த்தேன்.

டாக்டர் முகத்தில் பெருமை இல்லை. குழாயைக் காதிலிருந்து எடுத்துவிட்டு என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"முதலாளி, ஓடினவனுக்கு இளைக்க வேணும். இவனுக்கு இளைக்கேல்லை. சுவாசச் சத்தமே எனக்குக் கேக்கேல்லை. இருதயமும் சரியான மெதுவாப் போகுது. நான் இதிலை கையெழுத்து வைக்க ஏலாது. ஆஸ்பத்திரியிலை கொஞ்ச நாள் வைச்சுப் பாக்கட்டும்."

கொஞ்ச நாளா? அதற்குள் ஸ்போர்ட்ஸ் முடிந்துவிடுமே! போர்டிங் போய்விடுமே! இதை எப்படி அங்கம்மாளிடம் சொல்வது என்று வாசல்படியைத் திரும்பிப் பார்த்தேன்.

பார்த்தவன் அப்படியே நின்றுவிட்டேன்.

அங்கம்மாளின் உதடும் இறுக்கி மூடியிருந்தது. கழுத்து நரம்பு புடைத்திருந்தது. கண்கள் பையன் மேலேயே. அவளும் மூச்சை அடக்கிக்கொண்டு நிற்கிறாள்! மகன் அடக்குகிறான், தாயும் கூடச் சேர்ந்து அடக்குகிறாள்.

"அங்கம்மா, ஏன் ரெண்டு பேரும் மூச்சை அடக்கிட்டு நிக்கிறீங்க?"

கேட்டதுதான் தாமதம்... அவள் அடக்கிய மூச்சு இருமலாக வெடித்தது. சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டு, "இல்லீங்க, இல்லீங்க, எனக்கு இருமல் இல்லீங்க" என்று நடுங்கினாள். அந்த நடுக்கத்தை நான் மறக்க மாட்டேன். திருடிப் பிடிபட்டவர்கள்கூட அப்படி நடுங்க மாட்டார்கள்.

டாக்டர் ஒரு நாற்காலியை இழுத்துப்போட்டு அவளை உட்காரச் சொன்னார். உட்காராமல் சுவரைப் பிடித்துக்கொண்டே சொன்னாள்.

"அக்கரையிலேருந்து இந்தத் தோட்டத்துக்கு வாறப்ப, கப்பலேத்துறதுக்கு முன்ன மண்டபத்துக் கேம்புல எங்கள வரிசையா உக்கார வச்சிருந்தாங்க. டாக்டரு இந்தக் கொழாய வச்சுக்கிட்டு ஒவ்வொருத்தரா பாத்துக்கிட்டே வந்தாரு. இவன் என் மடியில தூங்குறான். எனக்கு அடுத்தாப்ல என் தங்கச்சி. ரயில்ல வந்த தூசி அவளுக்குத் தொண்டையில கமறிக்கிட்டு இருந்துச்சு. கொழாய வச்சதும் இருமிட்டா. அந்தப் பக்கம் போய் நில்லுன்னாங்க. நாங்க இந்தப் பக்கம். அடுத்த கப்பல்ல வந்துடுவானு சொன்னாங்க."

"வந்தாளா?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"வரலீங்க மொதலாளி. ஊருக்கே திரும்பிட்டாளா, என்ன ஆனானு யாருக்கும் தெரியல."

அன்றைக்கு அந்த வரிசையில் அவள் ஒரு பாடம் படித்திருக்கிறாள். குழாய் நெஞ்சில் படும்போது உள்ளே சத்தமே இருக்கக் கூடாது. கேள்வி எதுவானாலும் இல்லை என்று சொல்லிவிட வேண்டும். உடம்பு மினுங்க வேண்டும். அத்தனையையும் மகனுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறாள். அவன் ஆற்றில் முங்கி முங்கி மூச்சடக்கிப் பழகியிருக்கிறான். ஓடிவிட்டு வந்தும் மூச்சு வாங்காமல் நிற்க எவ்வளவு பழகியிருக்க வேண்டும், நீங்களே யோசித்துப் பாருங்கள்! தோட்டத்தில் இருக்கிறவர்கள் யாரிடம் கேட்டாலும் இந்தப் பாடம் தெரியும் என்று அப்புறம் என் கடைப் பையன் சொன்னான். நமக்குத்தான் தெரியாது.

சிரிக்காத டாக்டர் என்றேன் அல்லவா? அவர் காளிமுத்து பக்கத்தில் போய்த் தோளில் கை வைத்தார்.

"இப்ப மூச்சு விடு தம்பி. உன்னை ஒருத்தரும் திருப்பி அனுப்ப மாட்டினம்."

பையன் அம்மாவைப் பார்த்தான். அவள் தலையாட்டினாள். விட்டான். துருத்தி மாதிரி அந்த நெஞ்சு ஏறி இறங்க ஆரம்பித்தது. டாக்டர் குழாயை வைத்தார். ரொம்ப நேரம் கேட்டார். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். வெளியே இரண்டு நோயாளிகள் பொறுமை இழந்து கனைத்தும் அவர் அசையவில்லை.

"சுவாசம் திறமாக் கிடக்கு" என்றார். "இருதயம் மெதுவாப் போறது நோய் வருத்தத்தாலை இல்லை. மலையிலை ஓடி ஓடி அது பலத்துப் போச்சு. மற்ற ஆக்களின்ர இருதயம் ரெண்டு தரம் செய்யிற வேலையை இது ஒரு தரத்திலை செய்யுது. இப்படி ஒண்டை நான் கேட்டதில்லை... நீரும் ஒருக்காக் கேட்டுப் பாரும் முதலாளி."

குழாய் என் காதுக்கு வந்தது.

என்ன சொல்ல? பக்கத்து வீட்டில் யாரோ அவசரமே இல்லாமல் நெல் குத்துகிற மாதிரி இருந்தது. ஒரு குத்து... கொஞ்சம் பொறுத்து இன்னொரு குத்து. அத்தனை நிதானம். அத்தனை பலம். கடைவீதி இரைச்சல் எல்லாம் எங்கோ போய்விட்டது. உலகத்தில் அந்தச் சத்தம் ஒன்றுதான் இருந்தது.

எனக்கு உடம்பு சிலிர்த்தது. வெட்கமில்லாமல் சொல்கிறேன், கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இவன் பிறப்பதற்கு முன்னாலேயே ஆரம்பித்த வேலை இது. என் கடைக்கு லீவு உண்டு, தோட்டத்துக்கு லீவு உண்டு, இதற்கு உண்டா? இவன் தூங்கும்போதும் குத்துகிறது. பசியோடு மலை ஏறும்போதும் குத்துகிறது. அவனையே கேட்காமல், யாரும் மேற்பார்வை பார்க்காமல்! நாம் எல்லோரும் சட்டைக்குக் கீழே இப்படி ஒரு அதிசயத்தை வைத்துக்கொண்டு, மேலே போடுகிற சட்டைக்கு என்ன துணி என்று ஒரு காலை வேளை பேரம் பேசிக்கொண்டிருக்கிறோம். இதில் எனக்குப் பிழைப்பு நடக்கிறது என்பது வேறு விஷயம்.

டாக்டர் குழாயை என்னிடமிருந்து வாங்கி அங்கம்மாளிடம் நீட்டினார்.

அவள் பின்வாங்கினாள். அந்தக் குழாயைத் தொடுவதற்கே அவளுக்குப் பயம். "பிடியம்மா, இது கடிக்காது" என்று டாக்டரே அவள் காதில் மாட்டிவிட்டார். மறுமுனையைக் காளிமுத்து தன் கையால் பிடித்துத் தன் நெஞ்சில் வைத்துக்கொண்டான்.

முதலில் அவள் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. பிறகு வாய் மெல்லத் திறந்தது. மகனைப் பார்த்தாள், குழாயைப் பார்த்தாள், மறுபடியும் மகனைப் பார்த்தாள். அவன் கூச்சத்தில் நெளிந்தான். அவள் விடவில்லை. சேலையைப் பிரித்துப் பிரித்துப் பார்க்கிறவள் அல்லவா, அதைவிட அதிக நேரம் கேட்டாள்.

பிறகு குழாயைக் காதிலிருந்து எடுக்காமலே டாக்டரைக் கேட்டாள்.

"ஐயா, அன்னைக்குக் கேம்புல என் தங்கச்சி நெஞ்சுலயும் இதத்தான் கேட்டாங்களா?"

டாக்டர் பேனாவை மையில் தொட்டவர் அப்படியே நிறுத்தினார்.

"ஓம் அம்மா. இதைத்தான்."

"அப்ப அவளுக்கும் இப்புடித்தான் அடிச்சிருக்கும்."

டாக்டர் எழுதினார். கையெழுத்துப் போட்டார். மை காயட்டும் என்று காகிதத்தைக் கையில் வைத்து ஆட்டிக்கொண்டே ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

காளிமுத்து ஓடத் தகுந்தவன் என்று எழுதிக் கொடுத்தாகிவிட்டது. நல்ல வேளை, அந்த நிமிஷத்தில் யாரும் அந்தக் குழாயை என் நெஞ்சில் வைத்துப் பார்க்கவில்லை... வீடு வரை நடக்கக்கூட எனக்கு சர்டிபிகேட் கிடைத்திருக்காது.