பெரிய வெள்ளியன்று ஒலித்த மணி

அப்பாவின் முதலாண்டு நினைவுத் திருப்பலிக்கு வந்து இந்த அஞ்சலி மலரைப் பெறும் உறவினர்களே, நண்பர்களே! புகழுரை எழுதுவது எளிது. நான் எழுதுவது ஒரு திருத்தம்.

அப்பா வேம்பாரில், கடலுக்குப் போகும் குடும்பத்தில் பிறந்தார்கள். கோயில் பாடகர் குழுவில் ஆர்மோனியம் வாசித்த பழக்கத்தை மட்டும் நம்பிச் சென்னைக்குச் சென்றார்கள். பல ஆண்டுகள் பிறருடைய ஒலிப்பதிவுகளில் கீபோர்டு வாசித்தபின், ஏழு படங்களுக்குப் பின்னணி இசை அமைத்தார்கள். பாடல்களுக்கு வேறொருவர், காட்சிகளுக்கு அப்பா. பாடலை ஊரே முணுமுணுக்கும். பின்னணி இசையை யார் முணுமுணுப்பார்? ஆகவே அப்பாவைப் பலர் அறியார். அறிந்த நாமோ, ஒரு மணியோசைக்காக மட்டுமே அறிந்திருந்தோம்.

அப்பாவின் கடைசிப் படத்தில், பெரிய வெள்ளியன்று ஒரு மீனவர் இறக்கும் காட்சி வரும். பெரிய வியாழன் முதல், ஆண்டவர் உயிர்த்த பாஸ்கா இரவு வரை, துக்கத்தால் நம் கோயில்களில் மணி ஒலிப்பதில்லை. மரக்கட்டையைத் தட்டியே மக்களை அழைப்பார்கள். அப்பா அந்தக் கட்டையொலியை மட்டுமே அக்காட்சிக்கு வைத்தார்கள்.

"கதவத் தட்டுற மாதிரி இருக்கு சார். மணி போடுங்க, ஜனங்க அழுவாங்க" என்றார் இயக்குநர்.

"எங்க ஊர்ல அன்னைக்கு மணி அடிச்சா ஜனம் அழாது சார். பங்குச் சாமியாருதான் அழுவாரு."

இயக்குநர் சிரித்தார். ஆனால் இறுதி ஒலிக்கலவையில், அப்பாவுக்குத் தெரியாமல் மணியைச் சேர்த்துவிட்டார்.

தூத்துக்குடித் திரையரங்கில் அந்தச் சாவுக் காட்சியில் அரங்கமே சிரித்தது. அப்பாவும் அங்கே அமர்ந்திருந்தார்கள். பக்கத்தில் இருந்த என் தாய்மாமா, "என்னவே மச்சான், மெட்ராசுக்குப் போயி பெரிய வெள்ளியையே மறந்துட்டீரு? ரெண்டு நாளு முந்தியே உயிர்ப்புத் திருநாளா?" என்றார். அதன்பின் எந்தக் கல்யாண வீட்டிலும் அப்பாவுக்கு இதே கேலிதான்.

கல்லூரியில் படிக்கும்போதுதான் அப்பாவின் இசைக்குறிப்புத் தாளைக் கண்டேன். "மணி வேண்டாம்" என்று அவர்கள் கையெழுத்திலேயே இருந்தது.

"மாமாகிட்ட நான் பேசுதேன்ப்பா. அஞ்சு நிமிசம் போதும்."

"ஏளா, படத்துல பேரு ஆருது? என்னது. நல்லாருக்குன்னு சொன்னா வாங்கிக்கிடுவேம்லா? அப்போ இதையும் வாங்கிக்கிடணும்."

கல்லூரிச் சொற்போட்டிகளில் மறுப்புரைக்குப் பரிசுகள் பெற்றவள் நான். அன்று அந்தத் தாளை மடித்து இருந்த இடத்திலேயே வைத்தேன்.

இருந்தும் அந்தச் சொல்லை மீறினேன். அப்பா பேச்சின்றிப் படுக்கையில் கிடந்த கடைசி வாரத்தில், அவர்கள் பெட்டியில் பத்திரப்படுத்தியிருந்த, மணி சேர்க்கப்படாத ஒலிப்பதிவை மாமாவுக்குப் போட்டுக் காட்டினேன். இரண்டு முறை கேட்டார். பிறகு கட்டிலருகே போய், "ஏன்வே சொல்லல?" என்றார். அப்பா கண் திறந்து பார்த்தார்கள், அவ்வளவுதான்.

சிகிச்சையளித்த மருத்துவர்கள், செவிலியர், அடக்கத்தில் பாடிய பாடகர் குழுவினர், உடனிருந்த அண்டை வீட்டார் அனைவருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. மாமாவுக்கும் நன்றி. இக்கட்டுரையை அச்சுக்குக் கொடுக்குமுன் அவரிடம் படித்துக் காட்டினேன். அவர் வரும் இடங்களை நீக்கவா என்று கேட்டேன்.

"எடுக்காத ஏளா. தியேட்டர்ல மொதல்ல சிரிச்சது நாந்தான்னும் எழுது."

எழுதிவிட்டேன்.